மருந்துச் சீட்டு எழுதும் கை மீண்டும் பாடம் படிக்குமா?

2025 ஆம் ஆண்டு செப்டம்பர், அக்டோபர் மாதங்களில் மத்தியப் பிரதேச மாநிலம் சிந்த்வாரா மாவட்டத்திலிருந்து வந்த செய்திகளை நாம் அவ்வளவு எளிதில் மறந்துவிட முடியாது. சளி, இருமல், காய்ச்சல் என்று மருத்துவரிடம் தூக்கிச் செல்லப்பட்ட குழந்தைகள், சில நாட்களில் சிறுநீர் பிரியாமல், சிறுநீரகம் செயலிழந்து, ஒன்றன்பின் ஒன்றாக இறந்தன. இருபதுக்கும் மேற்பட்ட குழந்தைகள். பெரும்பாலானவை ஐந்து வயதைத் தாண்டாதவை. அவர்களுக்குக் கொடுக்கப்பட்ட இருமல் மருந்து தயாரானது வேறெங்கோ அல்ல, நமது காஞ்சிபுரம் மாவட்டத்தில். தமிழ்நாடு மருந்துக் கட்டுப்பாட்டுத் துறை அந்த மருந்தைச் சோதித்தபோது, டைஎத்திலீன் கிளைக்கால் என்னும் நச்சுப்பொருள் அதில் 48.6 விழுக்காடு கலந்திருந்தது. அனுமதிக்கப்பட்ட அளவோ 0.1 விழுக்காடு.

அந்த ஆலையில் நடந்த அநியாயத்தைப் பற்றியும், அதைக் கண்காணிக்க வேண்டியவர்கள் கண்மூடி இருந்ததைப் பற்றியும் நிறையப் பேர் எழுதிவிட்டார்கள். நாம் இங்கே வேறொரு கேள்வியை எழுப்ப விரும்புகிறோம். அந்த மருந்தை எழுதிக் கொடுத்த மருத்துவர் ஒருவரும் கைது செய்யப்பட்டார். இந்திய மருத்துவச் சங்கம் அதைக் கண்டித்தது. குப்பிக்குள் நஞ்சு இருப்பது மருத்துவருக்கு எப்படித் தெரியும் என்று அவர்கள் கேட்டதில் நியாயம் இருக்கிறது. எந்த மருத்துவரும் மருந்தைச் சோதனைச் சாலைக்கு அனுப்பிவிட்டுச் சீட்டு எழுதுவதில்லை. ஆனால் இன்னொரு பக்கமும் உண்டு. குளோர்பெனிரமைன், பினைலெப்ரின் என்ற இரண்டும் சேர்ந்த கூட்டு மருந்தை நான்கு வயதுக்குட்பட்ட குழந்தைகளுக்குக் கொடுக்கக் கூடாது என்ற எச்சரிக்கையை மருந்துகளின் மேல் அச்சிடும்படி, இந்திய மருந்துக் கட்டுப்பாட்டுத் தலைமை அதிகாரி 2023 டிசம்பரிலேயே ஆணையிட்டிருந்தார். சிந்த்வாராவில் கொடுக்கப்பட்ட மருந்திலும் இவ்விரண்டும் இருந்தன. நச்சே கலக்காத நல்ல மருந்தாக இருந்திருந்தாலும், அத்தனை சிறிய குழந்தைகளுக்கு அது கொடுக்கப்பட்டிருக்க வேண்டிய மருந்தல்ல.

வழக்கு நீதிமன்றத்தின் பொறுப்பு. தனி ஒருவருக்குத் தீர்ப்பிடுவது நம் வேலையல்ல. நமது கேள்வி இதுதான்: டெல்லியில் 2023 டிசம்பரில் போடப்பட்ட ஒரு சுற்றறிக்கை, தினமும் நூறு நோயாளர்களைப் பார்க்கும் ஒரு சிற்றூர் மருத்துவரின் மேசைக்கு எந்த வழியாக வந்து சேரும்? அது வந்து சேர்ந்ததா, அவர் அதைப் படித்தாரா என்று யார் கேட்கிறார்கள்?

இந்தக் கேள்விக்குப் பதிலாகத்தான் 'தொடர் மருத்துவக் கல்வி' என்ற ஏற்பாடு வந்தது. மருத்துவர்கள் சுருக்கமாக சி.எம்.இ. என்பார்கள். ஒருவர் எம்.பி.பி.எஸ். படிப்பைப் பயிற்சிக் காலத்தோடு சேர்த்து ஐந்தரை ஆண்டுகளில் முடிக்கிறார். அதன்பின் நாற்பது ஆண்டுகள் வைத்தியம் பார்க்கிறார். அந்த நாற்பது ஆண்டுகளில் மருத்துவம் ஓரிடத்தில் நிற்பதில்லை. வயிற்றுப்புண்ணையே எடுத்துக்கொள்வோம். 1980 இல் படித்து வெளிவந்த மருத்துவருக்கு, கவலையும் காரமும் அமிலமும்தான் அதற்குக் காரணம் என்று சொல்லிக் கொடுத்திருப்பார்கள். ஆஸ்திரேலியாவின் பாரி மார்ஷல், ராபின் வாரன் என்ற இருவர் 1982 இல் அதன் பின்னால் ஒரு கிருமி இருப்பதைக் கண்டார்கள். முதலில் அவர்களை நம்பியவர்கள் குறைவு. 2005 இல் அவர்களுக்கு நோபல் பரிசு கிடைத்தது. ஆண்டுக்கணக்கில் பாலும் மாத்திரையுமாகக் காலம் தள்ளிய நோயாளர்களுக்கு, இரண்டு வார மருந்தில் குணமாகும் வழி திறந்தது. ஆனால் தம் மருத்துவர் அதைப் படித்திருந்தால்தான் அந்த நோயாளிக்கு அந்த வழி திறக்கும்.

காசநோயும் அப்படித்தான். வாரம் மூன்று நாள் மாத்திரை என்பது நம் நாட்டில் பல ஆண்டுகள் வழக்கத்தில் இருந்தது. 2017 இல் அரசின் திட்டம் தினசரி மாத்திரைக்கு மாறியது. பழைய பாடத்தையே பிடித்துக்கொண்டிருக்கும் மருத்துவரிடம் போகும் ஏழைத் தொழிலாளியின் உடலில் கிருமி மருந்துக்கு அடங்காததாக மாறினால், அது அவரோடு நிற்காது. அவர் வீட்டுக் குழந்தைகளுக்கும் போகும்.

சட்டம் என்ன சொல்கிறது? இந்திய மருத்துவக் கவுன்சில் 2002 இல் வெளியிட்ட தொழில் நன்னடத்தை விதிகளில், ஒவ்வொரு மருத்துவரும் ஐந்து ஆண்டுகளுக்கு ஒருமுறை குறைந்தது 30 மணி நேரம் தொடர் கல்வியில் பங்கேற்க வேண்டும் என்று எழுதப்பட்டது. மருத்துவர்களின் பெயர்ப் பதிவு மாநிலக் கவுன்சில்களின் கையில் இருப்பதால், இதைப் பதிவைப் புதுப்பிப்பதோடு இணைப்பதும் இணைக்காமல் விடுவதும் மாநிலத்துக்கு மாநிலம் வேறுபட்டது. மகாராஷ்டிரா, டெல்லி போன்ற கவுன்சில்கள் மணிக்கணக்கு காட்டினால்தான் புதுப்பிப்போம் என்றன. தமிழ்நாட்டிலும் மருத்துவக் கருத்தரங்கு அழைப்பிதழ்களில், இத்தனை மணி நேரம் வரவு வைக்கப்படும் என்று அச்சிடும் வழக்கம் வந்துவிட்டது.

30 மணி நேரம் என்பதைக் கொஞ்சம் கணக்குப் போட்டுப் பார்ப்போம். ஐந்து ஆண்டுக்கு 30 என்றால் ஆண்டுக்கு 6 மணி. மாதத்திற்கு அரை மணி. ஒரு ஞாயிறு திருப்பலிக்கு நாம் செலவிடும் நேரத்தில் பாதி! இதையும் பெரும் சுமை என்று சொல்லும் குரல்கள் இருக்கின்றன என்பதுதான் வியப்பு. வாடகை வாகனம் ஓட்டுபவரின் உரிமத்திற்கும் ஐந்து ஆண்டுதான் ஆயுள். அதைப் புதுப்பிக்க அவர் உடல்தகுதிச் சான்றோடு வரிசையில் நிற்கிறார். அவரிடம் யாரும் வருத்தம் கேட்பதில்லை.

2019 ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி, 2020 செப்டம்பர் 25 அன்று பழைய கவுன்சில் கலைந்து, தேசிய மருத்துவ ஆணையம் பொறுப்பேற்றது. அந்த ஆணையம் 2023 ஆகஸ்ட் 2 அன்று புதிய நன்னடத்தை விதிகளை அறிவித்தது. உரிமத்தை ஐந்து ஆண்டுக்கு ஒருமுறை புதுப்பிப்பதோடு தொடர் கல்வியை அது தெளிவாகப் பிணைத்தது. அதைவிட முக்கியமாக, மருந்து நிறுவனங்களின் பணத்தில் நேராகவோ மறைமுகமாகவோ நடக்கும் கருத்தரங்குகளில் மருத்துவர்கள் கலந்துகொள்ளக் கூடாது என்றது. மருந்தை வணிகப் பெயரில் எழுதாமல் மூலப் பெயரில் எழுத வேண்டும் என்றும் சொன்னது. சரியாக மூன்று வாரம். ஆகஸ்ட் 23 அன்று அந்த விதிகள் நிறுத்தி வைக்கப்பட்டன. மருத்துவச் சங்கமும் மருந்து உற்பத்தியாளர்களின் அமைப்பும் அமைச்சரைச் சந்தித்த பிறகு வந்த முடிவு இது. 2002 ஆம் ஆண்டு விதிகளே மீண்டும் நடைமுறைக்கு வந்தன.

மூலப் பெயர் விவகாரத்தில் மருத்துவர்களின் அச்சம் முழுவதும் தவறு என்று சொல்ல மாட்டோம். மருந்தின் தரத்தை அரசு உறுதி செய்யாத நாட்டில் மலிவான மருந்தை எழுதச் சொன்னால் மருத்துவர் தயங்கத்தான் செய்வார். சிந்த்வாராவே அதற்குச் சாட்சி. ஆனால் கருத்தரங்குகளுக்கு யார் பணம் கட்டுவது என்ற விஷயம் வேறு. அதையும் இதோடு ஒரே மூட்டையில் கட்டிப் பரணில் போட்டதைத்தான் நம்மால் ஏற்க முடியவில்லை.

நமக்குத் தெரிந்த மருத்துவர் ஒருவர் தம் அனுபவத்தைச் சொன்னார். மாவட்டத் தலைநகரில் ஒரு பெரிய விடுதியின் குளிரூட்டிய அரங்கம். காலையில் வாசலில் பதிவேடு. கையெழுத்துப் போட்டால் பை ஒன்று கொடுப்பார்கள். அதில் குறிப்பேடு, பேனா, ஒரு நிறுவனத்தின் மாத்திரை மாதிரிகள். பதினொரு மணிக்கு அரங்கத்தில் பாதி நாற்காலிகள் காலி. மதிய உணவு நேரத்தில் மட்டும் கூட்டம் திரும்ப வரும். மாலையில் சான்றிதழ் எல்லாருக்கும் உண்டு. "நானும் ஒருமுறை கையெழுத்துப் போட்டுவிட்டு என் கிளினிக்குக்கு ஓடியிருக்கிறேன், ஃபாதர். அங்கே நாற்பது பேர் காத்திருந்தார்கள்" என்று அவர் ஒளிக்காமல் சொன்னபோது, அவர்மேல் நமக்குக் கோபம் வரவில்லை. அப்படிப்பட்ட வகுப்பில் உட்கார்ந்திருந்தாலும் அவர் என்ன கற்றிருப்பார்? சர்க்கரை நோய்க்கு எந்த நிறுவனத்தின் புதிய, விலை உயர்ந்த மாத்திரை நல்லது என்பதைத்தான்.

இது மிகைப்படுத்தல் அல்ல. 2009 டிசம்பரிலேயே மருத்துவக் கவுன்சில் தன் விதிகளைத் திருத்தி, மருந்து நிறுவனங்களிடமிருந்து பரிசு, பயணச் செலவு, விருந்தோம்பல் எதையும் மருத்துவர்கள் பெறக் கூடாது என்றது. அந்த விதி மருத்துவரைக் கட்டுப்படுத்தியதே தவிர, கொடுக்கும் கையைக் கட்டுப்படுத்தவில்லை. சென்னையைச் சேர்ந்த ஒரு மருந்து நிறுவனம், மருத்துவர்களுக்குத் தான் கொடுத்த தங்கக் காசு, தொலைக்காட்சிப் பெட்டி, குளிர்சாதனப் பெட்டி முதலியவற்றின் செலவுக்கு வருமான வரியில் கழிவு கேட்டு உச்ச நீதிமன்றம் வரை போனது. 2022 பிப்ரவரி 22 அன்று நீதிமன்றம் அதை மறுத்துவிட்டது. இந்தப் பரிசுகளின் விலை கடைசியில் மருந்தின் விலையில் ஏற்றப்பட்டு நோயாளியின் தலையில்தான் விழுகிறது என்பதை நீதிபதிகள் சுட்டிக்காட்டினார்கள். 2024 மார்ச்சில் மத்திய அரசின் மருந்தியல் துறை வெளியிட்ட விற்பனை நெறிமுறைகள், தொடர் கல்விக்கு நிறுவனங்கள் உதவுவதை முழுவதும் தடுக்கவில்லை. வெளிநாட்டில் நடத்தக் கூடாது, கணக்கு வெளிப்படையாக இருக்க வேண்டும், பேச்சாளர் அல்லாதவர்களுக்குப் பயணமும் தங்கும் இடமும் கொடுக்கக் கூடாது என்ற அளவில் நிறுத்திக்கொண்டன. ஒன்றுமில்லாததற்கு இது மேல். ஆனாலும் ஆசிரியருக்குச் சம்பளம் கொடுப்பவர் கடைக்காரராகவே இருக்கும்வரை, பாடம் எப்படி இருக்கும் என்று ஊகிக்கப் பெரிய படிப்பு தேவையில்லை.

மற்ற நாடுகளில் எல்லாம் சரியாக இருக்கிறது என்று நாம் நினைத்துவிட வேண்டாம். அமெரிக்காவில் இது மாநிலங்களின் பொறுப்பு. 1971 இல் நியூ மெக்சிகோ முதன்முதலில் தொடர் கல்வியை உரிமத்திற்குக் கட்டாயமாக்கியது. கலிஃபோர்னியாவில் இரண்டு ஆண்டுக்கு 50 மணி நேரம் கேட்கிறார்கள். நம் ஐந்து ஆண்டு 30 மணிக்குப் பக்கத்தில் வைத்தால் நான்கு மடங்குக்கும் மேல். அங்கேயும் நிறுவனங்களின் பணம் வகுப்பறைக்குள் வரத்தான் செய்கிறது. பிரிட்டன் வேறு பாதையில் போனது. ஹரால்டு ஷிப்மேன் என்ற குடும்ப மருத்துவர் தம் நோயாளிகளில் 15 பேரைக் கொன்ற குற்றத்துக்காக 2000 ஜனவரியில் தண்டிக்கப்பட்டார். உண்மை எண்ணிக்கை 200க்கும் மேல் என்று பின்னர் நடந்த விசாரணை கண்டது. இத்தனை ஆண்டு அவரை யாரும் கேள்வி கேட்கவில்லையே என்ற அதிர்ச்சியும் சேர்ந்துதான், நீண்ட விவாதத்துக்குப் பின் 2012 டிசம்பரில் அங்கே மறுமதிப்பீட்டு முறை வந்தது. ஆண்டுதோறும் ஒரு மூத்த மருத்துவர் இவருடைய பணியை உட்கார்ந்து பேசிப் பார்க்கிறார். உடன் பணிபுரிவோரிடமும் நோயாளிகளிடமும் கருத்துக் கேட்கிறார்கள். ஐந்து ஆண்டுக்கு ஒருமுறை உரிமம் உறுதிப்படுத்தப்படுகிறது. ஷிப்மேனைப் போன்ற ஒருவரை இந்த முறையும் பிடித்திருக்காது என்று அங்குள்ளவர்களே சொல்கிறார்கள். அவருக்குக் குறைவாக இருந்தது மருத்துவ அறிவு அல்லவே! கொலைகாரனைப் பிடிக்க வகுப்பு உதவாது. நல்ல மனதோடு தவறான மருந்தை எழுதுபவரைத் திருத்தத்தான் அது உதவும். நம் ஊரில் பெரும்பாலான தீங்கு இந்த இரண்டாவது வகைதான்.

லூக்கா நற்செய்தியில் நல்ல சமாரியர் உவமையைக் கேட்கும்போதெல்லாம் நாம் அவருடைய இரக்கத்தைத்தான் பேசுகிறோம். அவர் கையில் என்ன இருந்தது என்பதையும் பார்ப்போம். காயங்களில் எண்ணெயும் திராட்சை மதுவும் வார்த்துக் கட்டினார். அன்றைய மருத்துவ அறிவில் அதுதான் சரியான முதலுதவி. மது புண்ணைக் கழுவியது, எண்ணெய் ஆற்றியது. இரக்கம் கொண்டவர் அன்றைக்குத் தெரிந்த நல்ல வைத்தியத்தையும் தெரிந்து வைத்திருந்தார். லூக்காவே மருத்துவர் என்பதை பவுல் கொலோசையருக்கு எழுதிய திருமுகத்தால் அறிகிறோம். ஒருவேளை அதனால்தான் இந்த விவரத்தை அவர் விடாமல் எழுதினாரோ என்று நாம் சில வேளை நினைப்பதுண்டு.

திருத்தந்தை பதினான்காம் லியோ 2025 அக்டோபர் 19 அன்று புனிதராக உயர்த்திய ஹோசே கிரகோரியோ எர்னாண்டஸ் பற்றி நம் பங்குகளில் பலர் கேள்விப்பட்டிருப்பார்கள். வெனிசுவேலா நாட்டவர். 'ஏழைகளின் மருத்துவர்' என்று அவரை அழைக்கிறார்கள். ஏழைகளிடம் பணம் வாங்கமாட்டார், மருந்தையும் தாமே வாங்கிக் கொடுப்பார் என்ற செய்திகளே அதிகம் சொல்லப்படுகின்றன. ஆனால் மருத்துவப் பட்டம் பெற்ற பிறகு, 1889 இல் அவர் பாரிசுக்குச் சென்று நுண்ணுயிரியலும் திசுவியலும் படித்தார். நுண்ணோக்கியோடு காரக்காசுக்குத் திரும்பி, தாம் கற்ற புதிய பாடங்களைத் தம் நாட்டு மாணவர்களுக்குச் சொல்லிக் கொடுத்தார். 1919 ஜூன் 29 அன்று, ஒரு நோயாளிக்காக மருந்து வாங்கிக்கொண்டு வரும்போது வாகனம் மோதி இறந்தார். அந்த மருந்து வாங்கிய கையும், நுண்ணோக்கியைச் சுமந்து வந்த கையும் ஒன்றுதான் என்பதை நாம் சேர்த்தே சொல்ல வேண்டும்.

நம் நாட்டுத் திருச்சபைக்கும் இதில் ஒரு வரலாறு உண்டு. ஆஸ்திரேலியாவிலிருந்து 1920 இல் குண்டூருக்கு வந்த அருள்சகோதரி மருத்துவர் மேரி குளோரி, தாம் வைத்தியம் பார்த்ததோடு நிற்காமல், உள்ளூர்ப் பெண்களை மருந்து கலக்கவும், பிரசவம் பார்க்கவும், நோயாளரைப் பராமரிக்கவும் பயிற்றுவித்தார். 1943 இல் கத்தோலிக்க மருத்துவமனைகளின் சங்கத்தைத் தொடங்கினார். பெங்களூருவில் ஆயர் பேரவையின் சார்பில் நடக்கும் புனித ஜான் மருத்துவக் கல்லூரி 1963 இல் பிறந்தது. கிராமங்களுக்கு மருத்துவர்களை அனுப்புவது அதன் நோக்கங்களில் ஒன்று.

இந்த வரலாற்றைச் சொல்லிப் பெருமைப்பட்டுக்கொண்டு நாம் நின்றுவிடக் கூடாது. மலையடிவாரத்திலும் கடலோரத்திலும் அருள்சகோதரிகள் நடத்தும் சிறு மருத்துவமனைகளில் பெரும்பாலும் ஒரே ஒரு மருத்துவர்தான். அவர் ஒரு நாள் சென்னைக்கோ மதுரைக்கோ கருத்தரங்குக்குப் போனால், அன்று பிரசவ வலியோடு வரும் பெண்ணுக்கு ஆளில்லை. அரசு ஆரம்ப சுகாதார நிலைய மருத்துவரின் நிலையும் இதுவே. ஆக, விதியை அப்படியே நடைமுறைப்படுத்தினால் நகரத்து விடுதிக்குப் போக வசதி உள்ளவர் தகுதியானவராகவும், ஊரைவிட்டு நகர முடியாதவர் தகுதியற்றவராகவும் காகிதத்தில் தெரிவார்கள். இணையவழி வகுப்புகள் கொரோனா காலத்தில் பெருகின. அது கொஞ்சம் உதவியிருக்கிறது. ஆனால் கேமராவை அணைத்துவிட்டு வேறு வேலை பார்ப்பது வாசலில் கையெழுத்துப் போட்டுவிட்டு ஓடுவதைவிட எளிது.

அதனால் மணிக்கணக்கைக் கூட்டுவதைவிட, பாடத்தின் உள்ளடக்கத்தையும் பணத்தின் ஊற்றையும் கவனிப்பதே முதல் வேலை என்று நமக்குத் தோன்றுகிறது. ஒவ்வொரு ஆண்டும் தடைசெய்யப்பட்ட, கட்டுப்படுத்தப்பட்ட மருந்துகளின் பட்டியல் எல்லா மருத்துவருக்கும் கட்டாயப் பாடமாக வேண்டும். சிந்த்வாரா அதைத்தான் கேட்கிறது. பட்டியலைப் படித்தாரா என்று பத்துக் கேள்வி கேட்டால் அரை மணியில் முடிந்துவிடும். மாநிலக் கவுன்சில்கள் மருத்துவர்களிடம் வாங்கும் பதிவுக் கட்டணத்தில் ஒரு பங்கை இதற்கென்று ஒதுக்கினாலே எந்த நிறுவனத்தின் பையும் பேனாவும் தேவைப்படாது. 2023 இல் பரணில் போடப்பட்ட மூட்டையிலிருந்து கருத்தரங்கு பற்றிய விதியை மட்டுமாவது ஆணையம் தனியே எடுக்கலாம். இதை நம் பகுதி நாடாளுமன்ற உறுப்பினர்களிடம் கேட்க, அன்பியக் கூட்டங்களில் பேச, நமக்கு மருத்துவப் பட்டம் வேண்டியதில்லை. மருந்து குடிப்பவர்கள் நாம்தானே.

நம் பங்கு மருத்துவர்களிடமும் நாம் தயங்காமல் பேசலாம். அக்டோபர் 18, புனித லூக்கா திருநாளில் அவர்களைப் பீடத்தின் முன் அழைத்து, சால்வை போர்த்தி, ஆசி வழங்குவது பல பங்குகளில் வழக்கம். பிப்ரவரி 11, உலக நோயாளர் நாளில் மருத்துவ முகாமும் நடத்துகிறோம். நல்லதுதான். அதோடு, மறைமாவட்டத்தின் ஏதாவது ஒரு மருத்துவமனையில் மாதம் ஒரு ஞாயிறு மாலை இரண்டு மணி நேரம், சுற்றுவட்டார மருத்துவர்கள் சாதி சமயம் பாராமல் வந்து படிக்க ஒரு வகுப்பு வைக்கலாம். மாநிலக் கவுன்சிலிடம் அனுமதி வாங்கினால் அந்த இரண்டு மணியும் அவர்கள் கணக்கில் ஏறும். புனித ஜான் கல்லூரியில் படித்து வெளிவந்தவர்கள் தமிழகம் முழுவதும் இருக்கிறார்கள். பேச அவர்களை அழைக்கலாம். அன்று மாலை தனியாக இருக்கும் சகோதரியின் மருத்துவமனைக்கு, அருகிலுள்ள பெரிய மருத்துவமனையிலிருந்து ஒருவர் போய் அமர்ந்தால் அவரும் வகுப்புக்கு வந்துவிடுவார். செலவு என்ன? ஒரு மண்டபம், ஒரு திரை, தேநீர், சுண்டல். ஒரு சிறு திருத்தம் மட்டும் செய்துகொள்வோம்: பதிவேட்டை வாசலில் வைக்காமல் வகுப்பு முடியும்வரை பங்குத்தந்தையின் அறையில் பூட்டி வைப்போம்.